புதுப்பிப்பு: வக்கீல் ஆஜராகாததால் தள்ளுபடியான குற்றவியல் சீராய்வு மனு

தள்ளுபடியான சீராய்வு மனுவை (கீழ் நீதிமன்றத் தீர்ப்பு சரியா என்று பார்க்கக் கோரும் மனு) அதே உயர் நீதிமன்றத்தில் மீட்க முடியுமா, தீர்ப்பை மாற்றக் கூடாது என்ற, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 362-வது பிரிவு (இப்போது அதற்குப் பதிலாக வந்த பிஎன்எஸ்எஸ் சட்டத்தின் 403) தடுக்குமா என்று கேட்டிருந்தேன். மீட்டாயிற்று, பதிலளித்தவர்களுக்கு நன்றி.

உச்ச நீதிமன்றம் போக வேண்டாம், உத்தரவைத் திரும்பப் பெறக் கோரி மனுப் போடுங்கள் என்ற யோசனைதான் பலித்தது. இரண்டு தீர்ப்புகள் கைகொடுத்தன: சீராய்வை ஆஜரின்மைக்காகத் தள்ளாமல் வழக்கின் நியாயத்தைப் பார்த்தே முடிக்க வேண்டும் என்ற மதன் லால் கபூர் (2007), வக்கீல் இல்லாதபோது பிறந்த உத்தரவைத் திரும்பப் பெற 362 தடையில்லை என்ற விஷ்ணு அகர்வால் (2011). பிரமாணப் பத்திரத்தில் வக்கீல் வராத காரணத்தைத் தேதியோடு எழுதுங்கள். 'தவிர்க்க முடியாத காரணம்' என்பது எடுபடாது.

எதிர்பாராதது: மனு உயிர்பெற்றும் தண்டனை நிறுத்திவைப்பு தானாகத் திரும்பவில்லை. அதற்குத் தனி மனு தேவைப்பட்டது. இரண்டையும் சேர்த்தே தாக்கல் செய்யுங்கள், இடைவெளியில் பிடிவாரண்டு வரலாம்.