பூஜாங் பள்ளத்தாக்கு: மாணவர்களுக்கு எதை முதலில் காட்டுவது?

பிறை ஆசிரியை

வணக்கம். பட்டர்வொர்த்திலிருந்து இடைநிலைப்பள்ளி மாணவர்களை ஒரு பகல் பயணமாகக் கெடா மாநிலத்திலுள்ள பூஜாங் பள்ளத்தாக்குக்கு அழைத்துப் போகிறோம். பழைய துறைமுகம் என்றுதான் எல்லாரும் சொல்கிறார்கள். ஆனால் வரைபடத்தில் சண்டிகள் (பழைய கோயில் எச்சங்கள்) மலையடிவாரத்திலும் வயல்வெளியிலும் அல்லவா இருக்கின்றன? இதை எப்படி விளக்குவது? எந்த வரிசையில் போகலாம்? கடாரம் (கெடாவின் பழைய பெயர்), ராஜேந்திர சோழன் பற்றி எதுவரை சொல்லலாம்?

மூடாக்கரை

ஆசிரியை, பேருந்தை நேராக மெர்போக் அருங்காட்சியகத்துக்கு விடாதீர்கள். கடற்கரை நகர்ந்த கதை தெரியாமல் கற்களைப் பார்த்தால் பிள்ளைகளுக்கு ஒன்றும் ஒட்டாது.

அந்தக் கதை பினாங்கிலேயே தொடங்குகிறது. பெனாகா பக்கம் குவார் கெப்பாவில் கற்கால மக்கள் தின்று போட்ட சிப்பிகள் மேடு மேடாகக் கிடந்தன. 2017-இல் அங்கே ஒரு பெண்ணின் எலும்புக்கூடும் கிடைத்தது. இன்று கடல் அங்கிருந்து தள்ளிப் போய்விட்டது. ஐயாயிரம் ஆண்டுகளுக்கு முன் கடல்மட்டம் இன்றைவிடச் சில மீட்டர் உயரமாக இருந்தது. பிறகு அது இறங்க இறங்க, மூடா ஆறும் மற்ற ஆறுகளும் வண்டலைக் கொட்டிக் கரையை மேற்கே தள்ளின. பினாங்கின் பெருநிலப் பகுதியான செபராங் பிறையில் ‘பெர்மாத்தாங்’ என்று தொடங்கும் ஊர்களைக் கவனியுங்கள். வீடுகள் நீளமான மணல் மேட்டில் இருக்கும், இரு பக்கமும் பள்ளத்தில் நெல் வயல். அந்த மேடுகள் பழைய கடற்கரைகள்தான். பேருந்துச் சன்னலிலிருந்தே காட்டிவிடலாம்.

ஆற்று வழி தூர்ந்தால் துறைமுகமும் இடம் மாறும். மூடா ஆற்றங்கரையில் சுங்கை மாஸ் முதலில் செழித்தது. 11-ஆம் நூற்றாண்டு வாக்கில் வணிகம் வடக்கே பெங்காலான் பூஜாங்குக்கு நகர்ந்துவிட்டது. அங்கே சோங், யுவான் காலச் சீனப் பீங்கான் ஓடுகள் குவியலாகக் கிடைத்தன.

ஒரு எச்சரிக்கை: சுங்கை மாஸ் மெர்போக் முகத்துவாரத்துக்குத் தெற்கே, மற்றவை வடக்கே. பந்தாய் மெர்டேக்காவிலிருந்து தஞ்சோங் டாவாய்க்குப் படகுதான் உண்டு, பேருந்து சுங்கை பட்டாணியைச் சுற்றித்தான் வரவேண்டும். ஒரே நாளில் எல்லாவற்றையும் அடைக்கப் பார்த்தால் மெர்போக்கில் அவசரப்பட வேண்டியிருக்கும். நேரம் போதாதென்றால் சுங்கை மாஸை விட்டுவிடுங்கள்.

செம்புரை

மேலே சொன்னது சரி. என் பங்குக்கு: பெடோங் வழியாகப் போனால், மெர்போக்குக்கு முன்பே சுங்கை பத்து வரும். இரும்பு உருக்கிய இடம் அது. மலேசிய அறிவியல் பல்கலைக்கழகக் குழு 2009 முதல் அங்கே அகழ்ந்தது. செங்கல் தளங்களைவிட, உலைக்குக் காற்று ஊதிய சுடுமண் குழாய்களில்தான் பிள்ளைகளை அதிக நேரம் நிறுத்த வேண்டும் என்பேன். ஒரு முனை சாதாரணச் செம்மண் நிறத்தில் இருக்கும். உலைக்குள் இருந்த முனை வெந்து, கறுத்து, கண்ணாடி போல் உருகிக் கசடு பிடித்திருக்கும். எந்தப் பக்கம் நெருப்பு இருந்தது என்று அவர்களையே கேளுங்கள். கி.மு. 6-ஆம் நூற்றாண்டு என்ற காலக்கணிப்பு இன்னும் விவாதத்தில் இருக்கிறது, அதை முடிந்த முடிவாகச் சொல்லவேண்டாம்.

அருங்காட்சியகத்தில் சண்டி புக்கிட் பத்து பகாட் ஒன்றுதான் அதன் சொந்த இடத்தில் நிற்கிறது. 1959-60-இல் சீரமைத்தார்கள். வளாகத்திலுள்ள பெண்டியாட், பெண்டாங் டாலாம், பெங்காலான் பூஜாங் சண்டிகள் வேறு இடங்களிலிருந்து பெயர்த்து வந்து அடுக்கியவை. இதைச் சொல்லாவிட்டால் எல்லாமே ஒரே கோயில் வளாகம் என்று பிள்ளைகள் எழுதிவைப்பார்கள். தளத்தில் வரிசையாக இருக்கும் தூண்பீடக் கற்களையும் காட்டுங்கள். தூணும் கூரையும் மரம், அதனால் அழிந்துவிட்டன. இங்கே கல் கோபுரம் இருந்ததாகக் கற்பனை செய்யக்கூடாது.

செம்புரைக்கல் மழையில் வழுக்கும். ஏறி நிற்க விடாதீர்கள், கல்லும் பொடியும்.

பிறை ஆசிரியை

மிக்க நன்றி. அப்படியானால் இவை சோழர் கட்டிய கோயில்கள் இல்லையா?

நாகைத்துறை

இல்லை அம்மா. ராஜேந்திரனின் படையெடுப்பு 1025-இல். அதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே இங்கே ஊரும் வணிகமும் வழிபாடும் இருந்தன. அதற்குப் பிறகும் பெங்காலான் பூஜாங் ஓய்ந்துவிடவில்லை. இந்து, பௌத்தம் இரண்டின் தடயங்களும் கிடைக்கின்றன. ராஜேந்திரனின் மெய்க்கீர்த்தி (கல்வெட்டில் வரும் அரசன் புகழுரை) கடாரத்தைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது, அதைத் தயங்காமல் சொல்லுங்கள். கூடவே ஆனைமங்கலச் செப்பேட்டையும் சொல்லுங்கள்: ராஜராஜன் காலத்தில் கடாரத்து அரசன் நாகப்பட்டினத்தில் எழுப்பிய சூடாமணி விகாரம் என்ற பௌத்த மடத்துக்கு ஓர் ஊரே கொடையாகப் போனது. போரை மட்டும் சொன்னால் உறவின் பாதி விடுபட்டுப் போகும்.

கப்பல்கள் இங்கே வந்ததற்குக் காரணம் ஜெராய் மலை. சுமார் 1,200 மீட்டர். இலங்கையின் தென்முனையும் இந்த மலையும் கிட்டத்தட்ட ஒரே அட்சரேகை, ஆறு பாகை வடக்கை ஒட்டி. நேர்கிழக்கே ஓடிவந்த மாலுமிக்குத் தூரத்திலேயே தெரியும் அடையாளம் அது.

மகாநாவிகன் (பெருங்கப்பல் தலைவன்) புத்தகுப்தன் கல்வெட்டை மெர்போக்கில் தேடவேண்டாம். 1834-இல் ஜேம்ஸ் லோ அதைக் கண்டெடுத்தது செபராங் பிறையில், மூலக்கல் இருப்பது கொல்கத்தாவில். பழைய எழுத்தைக் கல்லிலேயே காட்டவேண்டுமென்றால், புக்கிட் மெர்தாஜாம் புனித அன்னாள் ஆலய வளாகத்தில் செரோக் தோக்குன் பாறை இருக்கிறது. அதற்கு வேறொரு நாள் ஒதுக்குங்கள்.