பேக்கனைக் கருவாடு என்று நினைத்துக்கொள்ளுங்கள்: இங்கிலாந்துக்குப் புதிதாகப் போன நம்ம ஊர்ப் பிள்ளைகளுக்கு

தங்கச்சிமடத்தில் அம்மா வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். லீவுக்கு வந்த நேரம் தடைக்காலம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கடலுக்குப் போகாது. நாட்டுப்படகில் வருகிற மீன் யானை விலை. அதனால் அம்மா கருவாட்டுப் பானையைத் திறந்துவிட்டாள். கத்திரிக்காயில் ஒரு பிடி நெத்திலிக் கருவாடு விழுந்ததும் தெருவே மணக்கிறது. அந்த மணத்தில்தான், போன மாதம் லீட்ஸுக்குப் போன மண்டபத்துத் தம்பி கேட்டதற்கு எனக்குப் பதில் கிடைத்தது. "அக்கா, ஆஃபர்ல பேக்கன் வாங்கிட்டேன். இத வச்சு என்ன செய்யுறது?"

பேக்கன் என்பது உப்புப் போட்டுப் பதப்படுத்திய பன்றி இறைச்சி. கருவாட்டை எப்படிப் போடுவோமோ அப்படிப் போடு தம்பி. கொஞ்சமாக, காய்க்கு உப்பும் ருசியும் ஏற்றுகிற அளவுக்கு.

அதோடு சேர்க்கத் தோதான காய் அஸ்பாரகஸ், தண்டாகவே சமைக்கிற பச்சைக் காய். இங்கிலாந்தில் அதன் சீசன் ஏப்ரல் 23 வாக்கில் தொடங்கி ஜூன் 21 வரை, கிட்டத்தட்ட நம்ம தடைக்காலத்தோடு ஒட்டியே வரும். நம்ம தண்ணீர்விட்டான் கிழங்குக்குச் சொந்தக்காரச் செடிதான். மற்ற மாதங்களில் பெரும்பாலும் பெருவிலிருந்து வருவதைக் கடையில் வைத்திருப்பார்கள்; ருசி அவ்வளவு இருக்காது.

இரண்டு பேருக்கு ஒரு கட்டு அஸ்பாரகஸ், நாலு துண்டு ஸ்ட்ரீக்கி பேக்கன், மூன்று வெங்காயத்தாள், ஒரு கைப்பிடி ஃப்ரோசன் பட்டாணி போதும். ஸ்ட்ரீக்கி என்பது வயிற்றுப் பகுதி, கொழுப்பு நிறைய. முதுகுப் பகுதியான பேக் பேக்கனில் கொழுப்பு குறைவு. விலை குறைந்த பாக்கெட்டில் தண்ணீரும் ஏற்றியிருப்பார்கள்; சட்டியில் வெள்ளை நுரையாகக் கக்கும். பயப்பட வேண்டாம், வற்றட்டும்.

பேக்கனைக் கத்தரிக்கோலால் விரல் அகலத்துக்கு நறுக்கி, சூடாகாத சட்டியில் எண்ணெய் இல்லாமல் போட்டு, அடுப்பைச் சிறுதீயில் வையுங்கள். காய்ந்த சட்டியில் போட்டால் வெளியே கருகும், கொழுப்பு உள்ளேயே நின்றுவிடும். எட்டு, பத்து நிமிடத்தில் கொழுப்பு உருகி, ஓரம் பொன்னிறமாகி, சலசலப்பு அடங்கும். துண்டுகளை எடுத்துவிட்டு, ஒரு ஸ்பூன் நெய்யளவு கொழுப்பை மட்டும் சட்டியில் விடுங்கள்.

மீதியை சிங்க்கில் ஊற்றாதீர்கள். அந்தக் குளிரில் குழாய்க்குள் மெழுகாக உறைந்துவிடும். வாடகை வீட்டில் அடைப்பெடுக்க நான் தண்டம் அழுதிருக்கிறேன். பழைய ஜாம் பாட்டிலில் ஊற்றி, உறைந்ததும் குப்பையில் போடுங்கள்.

அப்புறம் வெங்காயத்தாளின் வெள்ளைப் பகுதியை வதக்குங்கள். அஸ்பாரகஸை வளைத்தால் முற்றிய அடி தானாக ஒடியும், அதைத் தள்ளிவிடுங்கள். தண்டைச் சாய்வாக நறுக்கி, இரண்டு ஸ்பூன் தண்ணீர் தெளித்து மூடி இரண்டு நிமிடம். பிறகு நுனியும் பட்டாணியும், இன்னும் இரண்டு நிமிடம். கடித்தால் நறுக்கென்று இருக்க வேண்டும். நம்ம வழக்கப்படி குழைய வேகவிட்டால் பச்சை நிறம் போய்விடும். பேக்கனைத் திரும்பப் போட்டு, மிளகுத்தூள், வெங்காயத்தாளின் பச்சை, அரை மூடி எலுமிச்சை. உப்பு கூடவே கூடாது! முதல் தடவை நான் கை பழக்கத்தில் உப்புப் போட்டு, மூன்று தம்ளர் தண்ணீர் குடித்தேன். மஞ்சளும் தாளிப்பும் வேண்டாம். ஒரு வரமிளகாய் கிள்ளிப் போட்டால் தப்பில்லை. ரசம் சாதத்துக்கு இதுபோல ஒன்று கிடையாது.

கருவாடு என்றேனே என்று வெளியே வைத்துவிடாதீர்கள், பேக்கன் ஃப்ரிட்ஜில்தான் இருக்க வேண்டும். புகை போட்டது என்று அட்டையில் இருந்தாலும் அது வெந்த இறைச்சி இல்லை.

கீழக்கரை, தொண்டிப் பக்கத்துப் பிள்ளைகள் பன்றிக்குப் பதிலாக ஹலால் கடையில் வான்கோழி ரேஷர் (பேக்கன் மாதிரி மெல்லிய துண்டு) வாங்கலாம். கொழுப்பு குறைவு, அதனால் ஒரு ஸ்பூன் எண்ணெய் விட வேண்டும். உப்பு அதிலும் தூக்கல்தான்.

ஊரிலிருந்து கொண்டுபோன நெத்திலி இருந்தால் அதுவும் சரி. வெந்நீரில் அலசி முறுகப் பொரித்துக் கடைசியில் தூவுங்கள். ஆனால் ஜன்னலைத் திறந்துவிட்டு, கூட இருப்பவர்கள் வேலைக்குப் போன நேரமாகப் பார்த்துச் செய்யுங்கள்.