பயணச்சீட்டை விழுங்கியவரும் வாய் திறக்காதவர்களும்

வைகறை:
ஜெர்மன் இயக்குநர் பெப்பே டான்குவார்ட் எடுத்து 1993இல் வெளிவந்த ‘ஷ்வார்ட்ஸ்ஃபாரர்’ குறும்படத்தின் முடிவு எனக்கு உறுத்தலாகவே இருக்கிறது. பெர்லின் டிராமில் தன் பக்கத்தில் அமர்ந்த கறுப்பின இளைஞரை ஒரு மூதாட்டி வழிநெடுக இழிவாகப் பேசுகிறார். பரிசோதகர் ஏறியதும், இளைஞர் அவருடைய பயணச்சீட்டைப் பிடுங்கி வாயில் போட்டு விழுங்கிவிடுகிறார். சீட்டில்லாத மூதாட்டி மாட்டிக்கொள்கிறார், நாம் சிரிக்கிறோம். தான் பேசிய பேச்சுக்கு மூதாட்டி பதில் சொல்லவே இல்லை. செய்யாத குற்றத்துக்குப் பிடிபடுவதை நீதி என்று நான் எப்படி ஏற்பேன்?

நெடுவழி:
அதை நீதி என்று படம் எங்கே சொல்கிறது? சீட்டைச் சரிபார்க்க ஓர் ஆளை நியமித்திருக்கும் அந்த ஒழுங்கில், சக மனிதரை அவமதிப்பதைத் தட்டிக்கேட்க எவருமில்லை என்பதைத்தான் அது காட்டுகிறது. தலைப்புக்குச் சீட்டில்லாமல் பயணிப்பவர் என்பது பொருள். சொல்லைப் பிரித்தால் ‘கறுப்பாகப் பயணிப்பவர்’ என்றாகும். ஆனால் கறுப்பின இளைஞரிடம் முறையான சீட்டு இருக்கிறது. உண்மையில் சீட்டு எடுக்காமல் அதே டிராமில் வந்த மோட்டார் சைக்கிள்காரர் ஒருவரோ, இந்தக் களேபரத்தில் தப்பிவிடுகிறார்.

வைகறை:
தப்பியவர் அவர் மட்டும்தானா? ஜன்னலைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்த மற்ற பயணிகளும்தான். 1992 ஆகஸ்ட்டில் ஜெர்மனியின் ரோஸ்டாக் நகரின் லிஷ்டன்ஹாகன் பகுதியில், வியட்நாமியத் தொழிலாளர்கள் இருந்த குடியிருப்புக்குத் தீ வைக்கப்பட்டபோது கூட்டம் வேடிக்கை பார்த்துக் கைதட்டியது. அடுத்த மே மாதம் சோலிங்கனில் ஒரு துருக்கியக் குடும்பத்தின் வீடு கொளுத்தப்பட்டதில் 5 பேர் இறந்தனர். அத்தகைய காலத்தில் வந்த படம், அருகிலிருந்து பார்த்தவர்களை இவ்வளவு இலேசாக விட்டிருக்கக் கூடாது.

மேகலை:
ஜெர்மன் வகுப்பில் முதன்முறை பார்த்தபோது நாங்கள் எல்லோரும் வாய்விட்டுச் சிரித்தோம். இரண்டாம் முறைதான் மற்ற பயணிகளின் முகங்களைக் கவனித்தேன். அதன்பின் சிரிப்பு வரவில்லை.

நெடுவழி:
மேகலை கவனித்த அந்த முகங்களில்தான் என் பதிலும் இருக்கிறது. மூதாட்டி நடந்ததை உள்ளபடியே சொல்கிறார், ஆனாலும் அவருக்காகச் சாட்சி சொல்ல ஒருவரும் முன்வரவில்லை. இளைஞரைத் தனியே விட்ட அதே மௌனம் இப்போது அவரையும் கைவிடுகிறது. பயணிகள் திருந்திவிட்டார்கள் என்று காட்டியிருந்தால் அதுதான் பொய்யாக இருந்திருக்கும்.

வைகறை:
மௌனம் இடம் மாறியது என்ற வாதத்தை ஏற்கிறேன். ஆயினும் முதல் பார்வையில் அது சிரிப்பில் கரைந்துபோகிறது என்று மேகலையே சொல்கிறார். இரண்டாம் முறை பார்க்காதவர்களின் மனத்தில் எஞ்சுவது அந்தச் சிரிப்பு மட்டும்தானே?