மீன் ரின்னும் ஒரு பக்கற் மக்கரோனியும்: ரூனா கசரோல் செய்த ஆக்கள் உங்கட அனுபவத்தையும் எழுதுங்கோ

கொக்குவிலில் இருந்து:

ரூனா கசரோல், அதாவது மக்கரோனியையும் ரூனா மீனையும் பால் சோசில கலந்து அவணில சுடுற சாப்பாடு எண்டால், கிறீம் வேணும், கட்டிச் சீஸ் வேணும், பெரிய அவண் வேணும் எண்டு நினைச்சுக் கனபேர் கிட்டவே போகினமில்லை. அது வசதியான ஆக்களின்ர விருந்துச் சாப்பாடு இல்லை. சம்பளம் வர இன்னும் ஒரு கிழமை கிடக்கேக்க, வீட்டில இருக்கிறதைச் சேர்த்து எல்லாருக்கும் வயிறு நிறையக் குடுக்கிற சாப்பாடு. எங்கட வீட்டில மாமா மாமியோட சேர்த்து ஆறு பேர். 425 கிராம் மீன் ரின் ஒண்டும் 400 கிராம் மக்கரோனி ஒரு பக்கற்றும் இரவுக்குக் காணும், காலமை ஆருக்கும் ஒரு கோப்பை மிஞ்சும்.

ரின்னில ரூனா எண்டு போட்டிருக்கோ எண்டு பாத்து வாங்குங்கோ. கடையில சும்மா மீன் ரின் எண்டு கேட்டால் அநேகமா மக்கரல்தான் எடுத்துத் தருவினம். அதிலயும் செய்யலாம், ஆனா தோலையும் நடுமுள்ளையும் எடுக்கவேணும், மணமும் கொஞ்சம் கூட. எந்த மீனெண்டாலும் தண்ணியை நல்லா வடிச்சு, உதிர்த்து, அரைத் தேசிக்காயின்ர புளியும் மிளகுதூளும் போட்டுப் பிரட்டி ஒரு பக்கம் வையுங்கோ. புளியை மீனிலதான் விடவேணும். கொதிக்கிற பாலுக்க விட்டால் பால் திரைஞ்சு போகும்.

இனி சோஸ். இந்தச் சாப்பாட்டின்ர உயிரே இதிலதான் இருக்கு, அதால கொஞ்சம் விரிவா எழுதுறன். 4 மேசைக்கரண்டி மாஜரினை மெல்லிய நெருப்பில உருக்கி, 4 மேசைக்கரண்டி கோதுமை மா போட்டு விடாமல் கிளறுங்கோ. பச்சை மா மணம் போகவேணும், ஆனா நிறம் மாறக்கூடாது. பிட்டுக்கும் இடியப்பத்துக்கும் மா பதப்படுத்திப் பழகின ஆக்களுக்கு அந்த இடம் மூக்கிலயே பிடிபடும். அதுக்குப் பிறகு 5 கப் பால். பசுப்பால் தேவையில்லை, ஒரு கப் தண்ணிக்கு 3 மேசைக்கரண்டி பால்மா எண்ட கணக்கில கரைச்சு ஆறவிட்டு வைச்சால் போதும். முதல் அரைக் கப்பைக் கொஞ்சம் கொஞ்சமா விட்டுக் களி மாதிரி வழிச்செடுத்து, பிறகுதான் மிச்சத்தை ஊத்தவேணும். ஒரேயடியா ஊத்தினால் மா கட்டிபட்டுப் போகும், பிறகு எவ்வளவு அடிச்சாலும் கரையாது.

பதம் பாக்கிறது இப்பிடி: அகப்பையைச் சோசுக்க தோய்ச்செடுத்து, அதின்ர முதுகில விரலால ஒரு கோடு இழுங்கோ. கோடு மூடாமல் நிக்கவேணும். ஆனா சட்டியைச் சரிச்சால் சோஸ் ஓடவேணும். பாக்கிறவைக்கு இது தண்ணியாக் கிடக்கெண்டுதான் தெரியும். பயப்பிடாதேங்கோ. மக்கரோனி அவணுக்க இருந்துகொண்டே பாலைக் குடிக்கும். அடுப்பிலயே தடிப்பா இறுக்கினால், வெளியில எடுக்கேக்க வில்லையா வெட்டி எடுக்கிற மாதிரி வறண்டு போய் நிக்கும். இதே காரணத்துக்காகத்தான் மக்கரோனியையும் பக்கற்றில போட்டிருக்கிற நேரத்தில 3 நிமிசம் குறைச்சு அவிக்கிறது. கடிச்சுப் பாத்தால் நடுவில கொஞ்சம் விறைப்பு இருக்கவேணும்.

வெங்காயம், உள்ளி, பச்சைமிளகாய், கருவேப்பிலை, கரட், லீக்ஸ் இதுகளை வதக்கி, இடிச்ச செத்தல் மிளகாய் ஒரு தேக்கரண்டி சேர்த்தால் உறைப்புக்குக் காணும். எங்கட கறித்தூளைப் பால் சோசுக்க போடாதேங்கோ. வறுத்த தூளின்ர மணம் பால் ருசியை அப்பிடியே அமத்திப்போடும், பிறகு அது பால்க்கறியுமில்லை கசரோலுமில்லை.

எல்லாத்தையும் கலந்து தட்டில கொட்டி, முக்கோணச் சீஸ் நாலைப் பிச்சுப் போட்டு, காய்ஞ்ச பாணை உதிர்த்து மாஜரினில பிரட்டி மேல தூவுங்கோ. 180 பாகையில 25 நிமிசம். எடுத்தவுடன வெட்டாமல் 10 நிமிசம் விடுங்கோ, இறுகி நிக்கும். மாமி சோறு இல்லாமல் இராச்சாப்பாடு எண்டால் முகம் சுழிக்கிற ஆள். அவவே இப்ப, "பிள்ளை, அந்த மேல் மொறுமொறுப்பு இருக்கிற கரைப்பக்கத்தை எனக்கு எடுத்து வை" எண்டு சொல்லி வைக்கிறா.

கோண்டாவிலில் இருந்து:

அக்கா, அவண் இல்லாத வீடுகளுக்கு நான் சொல்லுறன். 2022 இல காஸ் வரிசையில நிண்டு நிண்டு களைச்ச காலத்தில எங்கட வீடு திரும்ப விறகுக்கும் சிரட்டைக்கும் போனது. அப்ப அம்மம்மாதான் வழி காட்டினவ. முந்திக் கேக் சுட்ட மாதிரி, அடி கனத்த பெரிய சட்டியில ஒரு விரல்கடை உயரத்துக்கு மணல் பரவி, அதுக்கு மேல ஒரு வளையம் வைச்சு, வளையத்துக்கு மேல கசரோல் தட்டு. தகர மூடியால மூடி, மூடிக்கு மேலயும் சிரட்டைத் தணல்.

கீழ தணல் குறைவா, மேல கூடவா இருக்கவேணும். உள்ளுக்க இருக்கிறது அநேகமா ஏற்கெனவே வெந்ததுதானே, எங்களுக்குத் தேவை மேல்பக்கம் சிவக்கிறதுதான். கீழ கூடிப்போனால் பால் அடிப்பிடிச்சு முழுத்தட்டுக்கும் அந்த மணம் ஏறிவிடும். மூடியில ஒட்டிற ஆவித்தண்ணி பாண்தூளில சொட்டாமல் இருக்க, அரைவாசி நேரத்தில ஒருக்கா மூடியைத் தூக்கித் துடைச்சுவிடுங்கோ. அந்தக் காஸ் வரிசை முடிஞ்ச பிறகும் கசரோலுக்கு நான் தணலைத்தான் மூட்டுறன். அந்தப் புகைவாசம் மின்சார அவணில வராது.

ஸ்காபறோவில் இருந்து:

நான் கனடா வந்த புதுசில வேலையிடத்தில கூட வேலை செய்த வயசான அம்மா ஒருத்தி இதைக் கொண்டுவந்து தந்தவ. அவவின்ர முறை இன்னும் சுருக்கம்: நூடில்ஸ், ரூனா ரின், ஒரு ரின் காளான் கிறீம் சூப், அவ்வளவுதான். காம்பெல் கொம்பனி அந்தச் சூப்பை 1934 இல விக்கத் தொடங்கினது. அமெரிக்காவில சனம் கையில காசில்லாமல் இருந்த காலம் அது. சோஸ் காய்ச்சிற வேலையை ரின் செய்து குடுத்ததால வேலைக்குப் போற பெண்களுக்கு அது பெரிய உதவி.

ஊரில அந்தச் சூப் ரின்னை வாங்கிச் செய்யிறது வீண்செலவு. இறக்குமதிச் சாமான் விலைக்கு மூண்டு தரம் பால்மாச் சோஸ் காய்ச்சலாம். இங்க மேல உருளைக்கிழங்குச் சிப்ஸ் நொறுக்கிப் போடுவினம். போன முறை ஊருக்கு வந்து நிக்கேக்க அதுக்குப் பதிலா மரவள்ளிப் பொரியலை நொறுக்கித் தூவினன். மச்சாளின்ர பிள்ளையள் தட்டைச் சுரண்டி வழிச்சவங்கள். மரவள்ளி தடிப்பு எண்டபடியால் சோசின்ர ஈரத்துக்கு உடன நமத்துப் போகாது, கடைசி 10 நிமிசம் இருக்கேக்க போட்டால் காணும்.

குருநகரில் இருந்து:

ரின் விலை ஏறிற நேரத்தில, ரூனா இனத்தில வாற சூரை மலிவாக் கிடைச்சால் ரின்னே தேவையில்லை. அரைக்கிலோச் சூரையை உப்பு, மிளகு, உள்ளி, ஒரு துண்டு கொறுக்காப்புளி போட்டு அவிச்சு, முள்ளெடுத்து உதிர்த்தால் ரின்னை விட ருசி. கறுத்த இறைச்சியை விலக்கிப் போட்டால் மணமும் குறையும். அவிச்ச தண்ணியைச் சோசுக்க விடாதேங்கோ, அது புளித்தண்ணி.

ஆனா ஒண்டு, நாங்கள் மீனோட பழகின ஆக்கள் எண்டபடியால் சொல்லுறன், கவனமாக் கேளுங்கோ. சூரை, கெலவல்லா இந்த இன மீனெல்லாம் ஐஸ் இல்லாமல் வெக்கைக்குக் கிடந்தால் ஹிஸ்டமின் எண்ட நஞ்சு ஊறும். அவிச்சாலும் பொரிச்சாலும் அது போகாது. சாப்பிட்ட கொஞ்ச நேரத்தில வாய் சுணைக்கும், முகம் சிவக்கும், தலையிடிக்கும், சத்தியும் வரும். மணத்தை வைச்சு எப்பவும் கண்டுபிடிக்கவும் ஏலாது. அதால சந்தையில ஐஸுக்க கிடக்கிறதைக் காலமையே வாங்கி, நேரே வீட்டுக்குக் கொண்டுபோங்கோ. பின்னேரம் அரை விலைக்குக் குடுக்கிற சூரையை வாங்காதேங்கோ. சிக்கனம் பாக்கிற இடம் அது இல்லை.

நல்லூரில் இருந்து:

நல்லூர்க் கந்தசுவாமி கோயில் திருவிழாவுக்குக் கொடியேறினால் 25 நாளும் எங்கட வீட்டில மச்சம் இல்லை. அந்த நாளையில இதே சோசுக்க அவிச்ச கொண்டைக்கடலையும் காளானும் போட்டு, மச்சம் படாத வேற தட்டில செய்யிறனாங்கள். கடலையை அரைவாசி மசிச்சுப் போட்டால்தான் சோசோட சேரும்.

திருநெல்வேலியில் இருந்து:

கொக்குவில் அக்கா, நாங்கள் கம்பஸ் பிள்ளையள் நாலு பேர் வாடகை அறையில ஒரு காஸ் அடுப்போட இருக்கிறம். மிஞ்சினதை என்ன செய்யிறது? அடுத்த நாள் மத்தியானத்துக்குக் கட்டிக்கொண்டு போகலாமோ?

கொக்குவிலில் இருந்து:

தங்கச்சி, கட்டிக்கொண்டு போகாதேங்கோ. பாலும் மீனும் சேர்ந்த சாப்பாடு எங்கட வெக்கைக்குப் பையுக்க மத்தியானம்வரை நிக்காது. சமைச்சு ரெண்டு மணித்தியாலத்துக்குள்ள குளிர்ப்பெட்டியில வைச்சு, அடுத்த நாள் காலமையே சாப்பிட்டு முடியுங்கோ. குளிர்ப்பெட்டி இல்லாட்டி பாதிப் பக்கற்றை அவிச்சு, ஒரு நேரத்துக்கு மட்டும் செய்யுங்கோ. ரின் பெரிசெண்டால் மீனை மிச்சம் வைக்காமல், மற்றப் பாதியை அண்டைக்கே உருளைக்கிழங்கோட சேர்த்துக் கட்லட் உருட்டிப் பொரிச்சுவிடலாம்.

சூடாக்கிறதுக்கு இடியப்பச் சட்டி நல்லம். கோப்பையில போட்டு, ரெண்டு மேசைக்கரண்டி பால் தெளிச்சு, மேல ஒரு தட்டால மூடி ஆவியில வையுங்கோ. நடுவில கரண்டியை விட்டுப் பாத்தால் ஆவி பறக்கவேணும், கரை மட்டும் சூடாயிருந்தால் காணாது. அடுப்பில நேரே வைச்சால் அடிப்பிடிக்கும். மேல் மொறுமொறுப்பு ஆவிக்கு நமத்துப் போகும், அதுக்கு ஒரு துண்டுப் பாணைத் தாச்சியில வாட்டி நொறுக்கித் தூவிவிடுங்கோ.