புதுப்பிப்பு: வங்கிக் கணக்கு முடக்கத்துக்குத் தடை கிடைத்தது

பெங்களூரு பீன்யாவில் லேத் பட்டறை வைத்து உதிரி பாகம் சப்ளை செய்கிறேன், ஜிஎஸ்டி பாக்கி 14 லட்சம் என்று வரித்துறை உத்தரவு வந்த 40ஆம் நாளே வங்கிக் கணக்கை முடக்கிவிட்டார்கள் என்று போன மாதம் எழுதியிருந்தேன். ஆறுதல் சொன்ன எல்லாருக்கும் நன்றி. கர்நாடக உயர் நீதிமன்றத்தில் போட்ட ரிட் மனுவில் இடைக்காலத் தடை கிடைத்திருக்கிறது.

பாக்கி உண்டா இல்லையா என்பதற்குள் வக்கீல் போகவே இல்லை. ஜிஎஸ்டி சட்டத்தின் 78ஆம் பிரிவுப்படி உத்தரவு கைக்கு வந்ததிலிருந்து பணம் கட்ட 3 மாத அவகாசம் உண்டு. அதற்கு முன்பே வசூலிக்க வேண்டுமானால், அதிகாரி காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். எங்கள் கோப்பில் அப்படி ஒரு வரிகூட இல்லை. பாக்கியை என் கணக்கிலிருந்து கட்டச் சொல்லி வங்கிக்கு அனுப்பும், 79ஆம் பிரிவின் டிஆர்சி-13 படிவம் மட்டும் நேரே வங்கிக்குப் போயிருந்தது. நீதிபதி கேட்ட முதல் கேள்வியே, "காரணம் எங்கே?"

தடை உத்தரவின் நகலோடு வங்கிக் கிளைக்கு நாலு நாள் நடந்த பிறகுதான் கணக்கு திறந்தது. பட்டறைப் பையன்களுக்குச் சம்பளம் போட்ட அன்றைக்குத்தான் நிம்மதியாகத் தூங்கினேன்.

பாக்கி உத்தரவை எதிர்த்து மேல்முறையீடு செய்வது பற்றிக் கேட்ட தம்பிக்கு: 107ஆம் பிரிவில் அதற்கும் 3 மாதம்தான் கெடு. ரிட் நிலுவையில் இருக்கிறது என்று அசந்துவிடாதீர்கள். தகராறிலுள்ள வரியில் 10 சதவீதம், எனக்கு 1,40,000 ரூபாய், கட்டி நேற்று தாக்கல் செய்துவிட்டோம். அப்படிக் கட்டினால் மீதித் தொகையின் வசூல் சட்டப்படியே நிற்கும். உத்தரவு வந்த வாரமே இதைச் செய்யாதது என் தவறு.

அடுத்த விசாரணை தசரா விடுமுறைக்குப் பிறகு.