கற்பனை நாவலில் இரவில் ஒளிரும் கொடி: எவ்வளவு வெளிச்சம் கொடுக்கலாம்?

கள்ளந்திரியான்:

அனைவருக்கும் வணக்கம். அழகர்மலையை மனத்தில் வைத்து, ஆனால் பெயரும் காலமும் வேறாக, ஒரு மாய உலகக் கதையை எழுதி வருகிறேன். அந்த மலையின் சுனைகளை ஒட்டி ‘நிலாத்தாளி’ என்றொரு கொடி படர்ந்திருக்கிறது. பொழுது சாய்ந்ததும் அதன் பூவும் தளிரும் ஒளிரத் தொடங்கும். அடிவாரத்து மக்கள் அதை வாசலில் படரவிட்டுத் தெருவிளக்காக வைத்திருக்கிறார்கள் என்று முதல் அத்தியாயத்தில் எழுதியிருந்தேன். கைப்பிரதியைப் படித்த நண்பர், அப்படியானால் மூன்றாம் அத்தியாயத்தில் விளக்கு எரிக்கும் எண்ணெயின் மீதான வரிக்காக ஊரே அரண்மனையை எதிர்த்து நிற்பது ஏன் என்று கேட்டுவிட்டார். மாய உலகம்தானே என்று தள்ளிவிட மனம் வரவில்லை. இந்தக் கொடி எவ்வளவு வெளிச்சம் தரலாம், எதற்காக ஒளிர வேண்டும், எண்ணெய் வரிக் கலகம் கெடாதபடி அதை எப்படிக் கட்டுக்குள் வைப்பது என்று அறிந்தவர்கள் கூற வேண்டுகிறேன்.

பசுமலை ஆசிரியர்:

தாவரவியல் கற்பித்தவன் என்ற முறையில் எழுதுகிறேன். தானாக ஒளிரும் செடி இயற்கையில் இல்லை. ஒளிரும் காளான்கள் உண்டு. 1986இல் மின்மினியின் மரபணு ஒன்றைப் புகையிலைச் செடியில் ஏற்றினார்கள், ஆனால் ஒளிக்கு வேண்டிய வேதிப்பொருளை வெளியிலிருந்து கொடுத்தால்தான் அது ஒளிர்ந்தது. 2020இல் காளானின் மரபணுக்களை ஏற்றிய புகையிலைச் செடி, யாரும் எதையும் ஊற்றாமல் தன் வாழ்நாள் முழுவதும் பச்சை ஒளி வீசியது. அதே வழியில் உருவான பெட்டூனியாச் செடி 2024இல் அமெரிக்காவில் விற்பனைக்கே வந்துவிட்டது.

உங்கள் கலகத்தைக் காப்பாற்றப் போவது அந்த ஒளியின் மங்கல்தான். முழுநிலவின் வெளிச்சமே ஏறத்தாழ கால் லக்ஸ் (வெளிச்சத்தை அளக்கும் அலகு) அளவுதான். இந்தச் செடிகளின் ஒளி அதற்கும் மிகக் கீழே நிற்கிறது. விளக்கை அணைத்துவிட்டு இருட்டில் இருபது, முப்பது நிமிடம் இருந்தால்தான் நம் கண் முழுமையாகப் பழகும். அதற்குப் பிறகும், மிக மங்கிய இடங்களில் விழித்திரையின் நிறமறியும் செல்கள் வேலை செய்யாததால், பச்சை ஒளிகூடச் சாம்பல் வெண்மையாகவே தோன்றும். ஆகவே நிலாத்தாளி படர்ந்த வாசலில் நிற்பவர் கொடியைப் பார்ப்பார், கொடியின் வெளிச்சத்தில் எதிரே வருபவரின் முகத்தைப் பார்க்க மாட்டார். ஓலைச்சுவடி படிக்க எண்ணெய் விளக்கு வேண்டியதுதான்.

உங்களுக்குப் பயன்படக்கூடிய ஒன்றைச் சற்று விரிவாகச் சொல்கிறேன். காளானின் ஒளிக்கு மூலப்பொருள் காஃபிக் அமிலம். அது எல்லாச் செடிகளிலும் இருக்கிறது. தண்டை மரமாக இறுக்கும் லிக்னின் உருவாகும் வழியோடு தொடர்புடையது. உங்கள் உலகில் நிலாத்தாளி அந்தப் பொருளை ஒளிக்கே செலவழித்துவிடுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்: அதனால் அதன் தண்டு இறுகாது, அது ஒருபோதும் மரமாகாது, இன்னொரு மரத்தைப் பற்றித்தான் ஏற முடியும். அது கொடியாக இருப்பதற்கே ஒரு காரணம் கிடைத்துவிடுகிறது. 2020ஆம் ஆண்டுச் சோதனையில் இளந்தளிரும் பூவும்தான் கூடுதலாக ஒளிர்ந்தன. பழுத்த வாழைப்பழத்தின் தோலை அருகில் வைத்தபோது, அதிலிருந்து வெளியேறும் எத்திலீன் வாயுவால் ஒளி மிகவும் கூடியது. வாழை விளையும் ஊர்க்காரர் இதை விட்டுவிடக் கூடாது.

எதற்காக ஒளிர வேண்டும் என்பதற்கு, பிரேசில் நாட்டுக் காளான் ஒன்றைப் பற்றி 2015இல் வெளிவந்த ஆய்வு உதவும். காற்று அதிகம் வீசாத அடர்காட்டில், இரவில் பூச்சிகளை ஈர்த்து வித்துகளைப் பரப்ப அந்த ஒளி துணை செய்கிறது என்பது அதன் முடிவு. உங்கள் கொடியைக் காற்று புகாத பாறையிடுக்கில் வையுங்கள்.

மல்லிகைத் தோட்டம், திருமங்கலம்:

ஆசிரியர் ஐயா மங்கலான ஒளியைக் குறையாகவே கணக்கிட்டிருக்கிறார். எனக்கு அதில் உடன்பாடில்லை. எங்கள் பக்கத்தில் மொட்டுப் பறிப்பவர்கள் விடியலுக்கு முன்பே தலையில் டார்ச் விளக்கைக் கட்டிக்கொண்டு வரப்பில் இறங்குவார்கள், ஏனெனில் பறிக்க இரண்டு கையும் வேண்டும். அந்த நேரத்தில் அவர்களுக்குத் தோட்டம் தெரிய வேண்டியதில்லை, முதிர்ந்த மொட்டு எது, பிஞ்சு எது என்று தெரிந்தால் போதும். மொட்டே ஒளிர்ந்தால் அதைவிட என்ன வேண்டும்? தன்னை மட்டும் காட்டும் ஒளிக்கும் ஒரு வேலை உண்டு.

பறித்த பின் என்ன ஆகும் என்பதையும் நீங்கள் முடிவு செய்ய வேண்டும். உயிருள்ள திசுதான் ஒளிரும் என்றால், பறித்த பூ வாட வாட ஒளியும் இறங்கும். மலையிலிருந்து சந்தைக்கு வந்து சேர்வதற்குள் பாதி போய்விடும். அப்போது பூவுக்கு விலை இல்லை, கொடி படர்ந்த பாறைக்குத்தான் விலை. அந்தப் பாறையை யார் குத்தகைக்கு எடுக்கிறார்கள், முன்பணம் எவ்வளவு, மழை பொய்த்த ஆண்டில் குத்தகையைக் குறைப்பார்களா என்று எழுதுங்கள், கலகம் தானாக வரும்.

செல்லூர் நூல்வேட்டை:

இவ்வளவு விளக்கம் கதைக்குள் வந்தால் வாசகர் ஓடிவிடுவார் என்று அஞ்சுகிறேன். இதே அழகர்மலையைச் சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதை சொல்லும் விதத்தைப் பாருங்கள். புண்ணிய சரவணம், பவகாரணி, இட்டசித்தி என்று மூன்று பொய்கைகள். ஒன்றில் மூழ்கினால் ஐந்திர இலக்கணம் கைவரும், ஒன்றில் முற்பிறவி தெரியும், ஒன்றில் நினைத்தது கிட்டும். அவை எப்படி வேலை செய்கின்றன என்று ஒரு சொல்கூட இல்லை. அதைக் கேட்ட, கோவலன் கண்ணகியோடு மதுரைக்கு நடக்கும் சமணத் துறவி கவுந்தியடிகள் தங்களுக்கு அந்த வழி தேவையில்லை என்று மறுத்துவிடுவதில்தான் சுவையே இருக்கிறது. லிக்னின் கணக்கை நீங்கள் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள், பாத்திரங்களுக்குத் தெரிய வேண்டாம்.

கள்ளந்திரியான்:

மூவருக்கும் நன்றி. தெருவிளக்கு என்று எழுதியிருந்த வாக்கியத்தை நீக்கிவிட்டேன். பாறைக் குத்தகை எண்ணெய் வரியோடு சேர்ந்து கலகத்திற்கு இன்னொரு காரணமாகிறது. காவலர் கண்ணில் படாமல் மலைமேல் இருப்பவர்களுக்குச் சைகை காட்ட, என் கதாநாயகி கொடியின் அடியில் பழுத்த வாழைத்தாரைக் கொண்டுபோய் வைப்பதாக எழுதலாமா? திறந்தவெளியில் அது பலிக்குமா?

பசுமலை ஆசிரியர்:

திறந்தவெளியில் வாயு கலைந்துவிடும், சைகை கிடைக்காது. வாழைக்காயைப் பழுக்க வைக்க மூட்டம் போடுவதைப் போல மூட வேண்டும். கொடியின் நுனியையும் சில பழங்களையும் ஒரே பானைக்குள் வைத்து, வாயைத் துணியால் கட்டி, வேண்டிய நேரத்தில் பானையை எடுத்துவிடச் சொல்லுங்கள். அமாவாசையை ஒட்டிய இரவாக இருக்கட்டும். நிலவு இருந்தால் மேலே இருப்பவர்களுக்கு ஒன்றும் தெரியாது.