ஹென்றி ஸ்பைரா: தொழிற்சங்க வாழ்வும் விலங்குரிமைப் போராட்டமும் வேறு வேறா?

கேள்வி:
பெல்ஜியத்தின் ஆன்ட்வெர்ப் நகரில் 1927இல் பிறந்து, பனாமா வழியாக 1940இல் நியூயார்க் வந்து சேர்ந்த ஹென்றி ஸ்பைராவைப் பற்றி எழுதுவோர், விலங்குகளுக்காக அவர் நடத்திய போராட்டங்களிலிருந்தே பெரும்பாலும் தொடங்குகிறார்கள். அதற்கு முன் அவர் கப்பல் தொழிலாளியாகவும் கார் ஆலைத் தொழிலாளியாகவும் பள்ளி ஆசிரியராகவும் இருந்தவர். அந்த வாழ்வு பிற்காலப் பணிக்கு எவ்வகையில் உதவியது?

மறுமொழி 1:
என் பார்வையில், அந்த வாழ்வு இல்லையெனில் இந்தப் பணியே இல்லை. அமெரிக்காவில் கம்யூனிஸ்டுகள் எனச் சந்தேகிக்கப்பட்டோர் வேட்டையாடப்பட்ட மெக்கார்த்தி காலத்தில் இடதுசாரி என்பதற்காகக் கப்பல் வேலை மறுக்கப்பட்டவர் அவர். பின்னர் கடல் தொழிலாளர் சங்கத்துக்குள்ளேயே அதன் தலைவர் ஜோசப் கர்ரனின் ஆதிக்கத்தை எதிர்த்து நின்றார். 1973இல் தத்துவவாதி பீட்டர் சிங்கர் விலங்கு விடுதலை பற்றி எழுதிய கட்டுரையைப் படித்து விலங்குகளின் பக்கம் திரும்பியபோது, 'எல்லா ஆய்வையும் நிறுத்து' என்று பொத்தாம்பொதுவாக முழங்காமல், வெல்லக்கூடிய ஒரே இலக்கைத் தேர்ந்தெடுத்தார். நியூயார்க்கின் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் பூனைகளின் உறுப்புகளைச் சிதைத்து அவற்றின் பாலியல் நடத்தையை ஆராய்ந்துவந்தார்கள். ஆவணங்களைச் சட்டப்படி கேட்டுப் பெற்று, முதலில் பேச்சுக்கு அழைத்து, நிர்வாகம் மசியாததால் 1976இல் வாசலில் மறியலைத் தொடங்கினார். மறு ஆண்டே அந்த ஆய்வு நின்றது. ஆலை வாசலில் பழகிய எவருக்கும் இந்த வரிசை புதிதல்ல.

மறுமொழி 2:
வெற்றியை மறுக்கவில்லை, ஆனால் விலையையும் சொல்ல வேண்டும். முயல்களின் கண்ணில் ரசாயனத்தை விட்டுச் சோதிக்கும் டிரெய்ஸ் முறைக்கு எதிராக 1980இல் நாளிதழில் முழுப்பக்க விளம்பரம் வெளியிட்டு ரெவ்லான் என்ற அழகுசாதன நிறுவனத்தைத் திணறடித்தவர், விலங்குகளைப் பயன்படுத்தாத மாற்றுமுறை ஆய்வுக்காக அது ராக்ஃபெல்லர் பல்கலைக்கழகத்துக்கு 7,50,000 டாலர் தர முன்வந்ததும் அந்நிறுவனத்தை விட்டுவிட்டார். சோதனையோ அன்றே நிற்கவில்லை. முதலாளியோடு கைகுலுக்கியதாகச் சக போராளிகள் சிலர் அவரைச் சாடியதில் நியாயம் உண்டு.

மறுமொழி 1:
கூலி ஒப்பந்தமும் அப்படித்தானே கையெழுத்தாகிறது? முழுக் கோரிக்கையும் கிடைக்கும்வரை வேலைநிறுத்தத்தை நீட்டும் சங்கம் பெரும்பாலும் உடைந்துபோகும். ரெவ்லானைத் தொடர்ந்து ஏவான் உள்ளிட்ட நிறுவனங்களும் பணம் தந்தன. 1981இல் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் மாற்றுமுறைகளுக்கான மையம் உருவானது. ஒருவரை முற்றாக வீழ்த்தியிருந்தால் மற்றவர்கள் அரண்களை உயர்த்திக்கொண்டிருப்பார்கள்.

மறுமொழி 3:
ஆய்வுக்கூடங்களைவிடப் பண்ணைகளில் வதைபடும் உயிர்களே மிக அதிகம் என்ற கணக்கே அவரைப் பின்னாளில் இறைச்சித் தொழிலின் பக்கம் திருப்பியது. மெக்சிகோவிலிருந்து வரும் மாடுகளின் முகத்தில் சூடு போடும் விதியை அமெரிக்க வேளாண்துறை கைவிட்டது அவ்வகையில் கிடைத்த பலன். கோழிப்பண்ணைகளிடம் அவருடைய முறை அவ்வளவாக எடுபடவில்லை. 1998இல் இறக்கும்வரை அந்த வேலை முடியாமலே இருந்தது.